நீ இறங்கி வந்த வேகம்

மோகன்,

நீ டிரங்க் கால் போட்டுச் சொன்ன சேதியை ஆபீசில் நின்றபடியே கேட்டேன். லைனில் ஒரே இரைச்சல். 'கமாண்டர்' என்ற சொல் மட்டும் தெளிவாகக் காதில் விழுந்தது. மற்றதை நானே சேர்த்துக்கொண்டேன். சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது அம்மா, லால்குடியில் விஜயா வீட்டுக்குக் கொண்டுபோக வேண்டிய புடவைகளைக் கூடத்தில் பரப்பி வைத்திருந்தாள். தையில் உனக்கும் விஜயாவுக்கும் கல்யாணம் முடிந்த கையோடு நீ விமானத்தில் இடது பக்க இருக்கைக்கு மாறப்போகிறாய் என்று சொன்னேன். "இடது பக்கம்னா என்ன, வலது பக்கம்னா என்ன?" என்று கேட்டாள். "இதுவரைக்கும் வலது பக்கம் உக்காந்து உதவி பண்ணினான். இனிமே இடது பக்கம் உக்காந்து அவனே முடிவு பண்ணுவான்" என்றேன். ஒரு புடவையை எடுத்து மடித்து வைத்தாள். பிறகு, "அவனுக்கு ஒரு லெட்டர் எழுதுங்க. கல்யாண வீட்டுல உங்க ரெண்டு பேருக்கும் பேச நேரம் இருக்காது" என்றாள். புத்தி சொல்லி எழுதுகிற பழக்கம் எனக்கு இல்லை என்பது உனக்குத் தெரியும். அதனால் நடந்ததையே எழுதுகிறேன். அதில் பாதி உனக்குத் தெரிந்ததுதான். மறுபாதி ஓடுபாதைக்கு இந்தப் பக்கம் நடந்தது.

நீ ஜெட் விமானத்துக்கு மாறிய புதிதில் உன் அம்மா எப்படி இருந்தாள் என்பதிலிருந்து ஆரம்பிக்கிறேன். ஐம்பதுகளில் நான் திருச்சி விமான நிலையத்து வானிலை ஆபீசில் சேர்ந்தபோது இங்கே வந்து போனவை டகோட்டாக்கள்தாம். அவை இறங்குவதை அவள் வேலிக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறாள். சத்திரம் பஸ் ஸ்டாண்டுக்குள் நுழைகிற டவுன் பஸ்ஸைப் போல ஆடி அசைந்து வந்து நிற்கும். நீ டகோட்டா ஓட்டிய வரைக்கும் அவளுக்குப் பெரிய கவலை இருந்ததில்லை. ஜெட் அப்படி இல்லை, தரையைத் தொடும்போதே அதைவிட ஒன்றரை மடங்கு வேகத்துக்கு மேல் வரும் என்று புத்தூரில் யாரோ அவளிடம் சொல்லிவிட்டார்கள். அன்று முதல் நீ பறக்கும் நாட்களில் அவள் ரேடியோவில் செய்தி கேட்பதை நிறுத்திவிட்டாள். செய்தி நேரம் வந்தால் கொல்லைப் பக்கம் போய்விடுவாள். "பஸ்ஸுக்கு ரோடு இருக்கு, ரயிலுக்கு சிக்னல் இருக்கு. இவன் இவ்வளவு வேகத்துல இறங்கணும்னு யாருங்க சொல்றாங்க? இவனா மனசுல நினைச்சுக்கறானா?" என்று என்னைக் கேட்டாள். காற்றை அளந்து சொல்வது என் வேலை. அதை வாங்கிக்கொண்டு விமானி மேலே என்ன செய்கிறான் என்பது எனக்கு மேலோட்டமாகத்தான் தெரியும். "லீவுல வருவான், அவனையே கேளு" என்று சொல்லித் தப்பித்துக்கொண்டேன்.

அந்த ஆடியில் நீ வந்தாய். காவிரியில் புதுத் தண்ணீர். மொட்டை மாடியில் காற்று ஆளைத் தள்ளியது. அம்மா உளுந்து புடைத்துக்கொண்டே உன்னிடம் அதே கேள்வியைக் கேட்டாள். நீ சிரிப்பாய் என்று நினைத்தேன். நீ சிரிக்கவில்லை. முறத்தைக் காலி பண்ணி அவள் கையிலேயே கொடுத்தாய். "காத்து வர்ற பக்கம் பார்த்து இதைத் தட்டையா பிடிம்மா. இப்ப முன் விளிம்பைக் கொஞ்சமா தூக்கு" என்றாய். அவள் தூக்கினாள். முறம் அவள் கையை விட்டு மேலே போகப் பார்த்தது. "இன்னும் தூக்கு. இன்னும்." ஓர் இடத்தில் முறம் படபடவென்று நடுங்கியது. அதுவரை மேலே இழுத்துக்கொண்டிருந்த முறம் அப்படியே கனத்துக் கீழே சாய்ந்தது. "என்னம்மா ஆச்சு?" என்று கேட்டாய். "தூக்கறதை விட்டுடுச்சுடா. சும்மா பின்னால தள்ளுது" என்றாள்.

"அதேதாம்மா எங்க இறக்கையும். வேகம் குறையக் குறைய, நாங்க மூக்கைத் தூக்கித் தூக்கி விமானத்தைத் தாங்க வைக்கிறோம். ஓர் அளவுக்கு மேல தூக்கினா இறக்கை கைவிட்டுடும். அந்த இடத்துல என்ன வேகமோ, அதுதான் அடி எல்லை. அதுக்குக் கிட்டக்கூடப் போகக் கூடாது."

"அந்த எல்லை உனக்கு எப்படித் தெரியும்?"

"விமானத்தைக் கட்டினவங்க உயரத்துல வச்சு வேகத்தைக் குறைச்சுக்கிட்டே போய், அது கைவிடற வரைக்கும் பார்த்து எழுதி வச்சிருக்காங்க. ஒவ்வொரு எடைக்கும் ஒரு வேகம். கனமா இருந்தா எல்லை மேலே ஏறும். எண்ணெய் எரிஞ்சு எடை குறைஞ்சா எல்லையும் கீழே இறங்கும். இறக்கைக்குப் பின்னால மடல் மாதிரி ஒண்ணு இருக்கு, அதை நீட்டிக்கிட்டா இன்னும் மெதுவா வரலாம். இறங்கறதுக்கு முன்னால, இப்ப நம்ம எடை என்னன்னு கணக்குப் போட்டு, அதுக்கான எல்லையை எடுத்து, அதோட பத்துல மூணு பங்கு சேர்த்துப்போம். அந்த வேகத்துலதான் ஓடுபாதை முனைக்கு வரணும்."

"அது என்ன பத்துல மூணு? நாலு வச்சுக்கோயேன், எனக்காக."

"நாலு வச்சா தரையில நிக்காதும்மா, ஓடிக்கிட்டே இருக்கும். ரெண்டு வச்சா மேலேயே ஆபத்து. டகோட்டாவுல விசையைத் தள்ளின உடனே எஞ்சின் எழுந்துக்கும். ஜெட் எஞ்சின் சோம்பேறி, எழுந்துக்கக் கொஞ்சம் நேரம் எடுக்கும். அதனால தரைக்குப் பக்கத்துல வேகம் குறையவே விடக் கூடாது."

அம்மா முறத்தை மடியில் வைத்துக்கொண்டு யோசித்தாள். "அப்ப அது உன் இஷ்டம் இல்ல" என்றாள். "இல்லம்மா" என்றாய். அந்த ஒரு சொல் அவளுக்கு எவ்வளவு பெரிய நிம்மதி என்று நீ அறிய மாட்டாய். மறுபடி உளுந்தைக் கொட்டிப் புடைக்க ஆரம்பித்தாள்.

நான் சும்மா இருக்கவில்லை. "இதுல நான் சொல்ற காத்து எங்கே வருது?" என்று கேட்டேன். எதிர்க்காற்று நிலையாக அடித்தால் அதில் பாதியை வேகத்தோடு கூட்டிக்கொள்வோம், மீதிப் பாதி எங்களுக்கு லாபம், தரையில் அவ்வளவு வேகம் குறையும் என்றாய். காற்று திடீர் திடீரென்று வீசினால், நிலையான காற்றுக்கு மேல் எழும்பும் அந்த வீச்சு முழுவதையும் கூட்டிக்கொள்வோம் என்றாய். "ஏன்னா எந்த நேரத்துல வீச்சு நிக்கும்னு தெரியாது. நின்னா அவ்வளவு வேகமும் இறக்கைக்குக் கீழே இருந்து காணாமப் போயிடும். வீச்சு இல்லாம நாங்க இறங்கிட்டா, கூட்டி வச்ச வேகம் ஓடுபாதையைத் தின்னும். நீங்க சொல்றதுல எனக்கு அந்த வீச்சுதாம்பா முக்கியம்." இத்தனை வருஷம் நான் டயலில் பார்த்துச் சொன்னதெல்லாம் எங்கேயோ எழுதப்படுகிற எண்கள் என்றுதான் என் மனசில் இருந்தது. அன்றைக்குத்தான் அவை ஒருவன் கைப்பிடிக்குள் போய்ச் சேர்கின்றன என்று எனக்கு உறைத்தது.

அடுத்த கார்த்திகையில் அந்த நாள் வந்தது. தெற்கே கடலில் புயல், மெட்ராஸில் பேய்மழை. நமக்கு இங்கே காலையிலிருந்து விட்டு விட்டு மழை, கிழக்கிலிருந்து காற்று. மத்தியானம் சாப்பாட்டுக்குப் பிறகு நான் டயலுக்கு எதிரே உட்கார்ந்திருந்தேன். பக்கத்தில் என்னோடு வேலை பார்க்கும் கணேசன். காற்று காட்டும் டயல் எங்கள் அறையில்தான் இருந்தது. மேலே டவரில் இருந்த சாமுவேலுக்கு நாங்கள் போனில் சொல்ல, அவர் ரேடியோவில் விமானத்துக்குச் சொல்வார். போன் அடித்தது.

"சார், பம்பாய்ல இருந்து மெட்ராஸ் போற ஜெட். மெட்ராஸ்ல இறங்க முடியல, பெங்களூர்லயும் மேகம் தரையில கிடக்கு. நம்ம பக்கம் திருப்பிட்டாங்க" என்றார் சாமுவேல். "ரேடியோல பேசறது மோகன்தான் சார்."

"கணேசனை உக்கார வச்சுட்டு நீங்க மேல வந்துடுங்களேன். அவர் குரலையாவது கேக்கலாம்" என்றார். "இல்ல சாமுவேல், நான் இங்கேயே இருக்கேன்" என்றேன். குரலைக் கேட்டிருந்தால் எனக்கு டயல் தெரிந்திருக்காது.

நம் ஓடுபாதையின் நீளம் அந்த ஜெட்டுக்குப் போதும் போதாததுமாக இருந்தது. அதன் மேற்கு முனையில் மழைத்தண்ணீர் வேறு தேங்கி நின்றது. காற்று கிழக்கிலிருந்து அடித்ததால் நீ மேற்கு முனையில்தான் வந்து தொட வேண்டும். டயலில் முள் ஓர் இடத்தில் நிற்கவில்லை. நிலையான வேகம் இருபது நாட் என்று சொல்லலாம். அதிலிருந்து எழும்பி முப்பது, முப்பத்திரண்டு என்று போய்த் திரும்பியது. ஒரே ஒரு தடவை முப்பத்தைந்தைத் தொட்டது. சாமுவேல் காற்று என்ன என்று கேட்டார். என் வாயில் முப்பது என்று வந்து நின்றது. மாடியில் நீ சொன்னதெல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக நினைவுக்கு வந்தது. நான் சொல்கிற வீச்சு முழுவதையும் நீ வேகத்தில் கூட்டுவாய். கூட்டினால் ஓடுபாதை சின்னதாகும். குறைத்துச் சொன்னால் மெதுவாக வருவாய், மெதுவாக வந்தால் இந்த ஓடுபாதைக்குள் நின்றுவிடுவாய். கணேசனும் அதையே நினைத்திருக்க வேண்டும். "சார், அந்த முப்பத்தஞ்சு ஒரே ஒரு தடவைதானே வந்துச்சு. அதை விட்டுட்டுச் சொல்லலாமே" என்றார் மெதுவாக. நல்ல மனுஷர். எனக்காகத்தான் சொன்னார்.

நான் அந்த முள்ளையே பார்த்தேன். அது ஒரு தடவை வந்தது என்றால் இன்னொரு தடவை வராது என்று எனக்கு யார் எழுதிக் கொடுத்தது? நீ தரைக்குப் பக்கத்தில் வரும்போது அந்த வீச்சு வந்து சட்டென்று நின்றால், நான் மறைத்த அந்த ஐந்து நாட் உன் இறக்கைக்கடியில் இருக்காது. எஞ்சின் எழுந்துகொள்ள நேரம் எடுக்கும் என்று நீதான் சொல்லியிருந்தாய். ஓடுபாதை போதாது என்றால் அதை முடிவு செய்ய மேலே இரண்டு பேர் இருக்கிறார்கள். அவர்கள் முடிவை நான் கீழே உட்கார்ந்து எடுக்கக் கூடாது. "கிழக்கு, இருபது. வீச்சு முப்பத்தஞ்சு" என்றேன். "மேற்கு முனையில தண்ணி நிக்குது. அதையும் சொல்லுங்க."

பிறகு சாமுவேல் சொன்னார்: "இப்ப இறங்க முடியாதுங்கறாங்க சார். அந்த வேகத்துக்கு நம்ம ஓடுபாதை பத்தாதாம். மேல சுத்தறோம், எண்ணெய் எரிஞ்சு எடை குறையட்டும்ங்கறாங்க." நான் எழுந்து வெளியே போய்க் கிழக்கே பார்த்தேன். உன் அம்மாவிடம்கூடச் சொல்லாத ஒன்றை இப்போது எழுதுகிறேன். அந்த வேலையில் இத்தனை வருஷத்தில் நான் வானத்தை அப்படி ஒருநாளும் பார்த்ததில்லை. மழை ஒரு திரையாக நகர்ந்து வந்துகொண்டிருந்தது. அதன் பின்னால் மேகம் வெளுத்திருந்தது. அப்படிப்பட்ட திரை தாண்டிப் போனால் காற்று கொஞ்ச நேரம் ஓய்ந்து நிற்பதைப் பல தடவை கண்டிருக்கிறேன். ஆனால் கண்டிருக்கிறேன் என்பது வேறு, வரும் என்று சொல்வது வேறு. உள்ளே வந்து, "சாமுவேல், இந்த மழை தாண்டினதும் காத்து தணியும்னு தோணுது. தோணுதுன்னுதான் சொல்றேன். அப்படியே சொல்லுங்க, கூட்டியும் சொல்லாதீங்க, குறைச்சும் சொல்லாதீங்க" என்றேன்.

மழை தலைக்கு மேல் வந்தது. ஓட்டுக்கூரையில் அது போட்ட சத்தத்தில் உன் எஞ்சின் சத்தம் கேட்கிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன். கேட்கவில்லை. முள் ஆடிக்கொண்டே இருந்தது. பிறகு மழை மேற்கே நகர்ந்தது. முள்ளின் ஆட்டம் குறைந்தது. பதினைந்து, பதினேழு, பதினைந்து. நான் உடனே போனை எடுக்கவில்லை. அது ஏமாற்றுகிறதா என்று பார்த்தேன். ஏமாற்றவில்லை. "பதினஞ்சு. வீச்சு பதினெட்டு" என்றேன். சாமுவேல் அதைச் சொன்ன மறு நிமிஷமே, "வர்றாங்க சார்" என்றார்.

கணேசன் டயலைப் பார்த்துக்கொண்டார். நான் வராந்தாவுக்கு வந்தேன். மேகத்துக்குக் கீழே முதலில் இரண்டு விளக்குகள் தெரிந்தன. பிறகு விமானம் தெரிந்தது. அது இறங்கி வருகிறது என்பதைவிட, பிடித்த பிடியாக ஒரு கோட்டின் மேல் நிற்கிறது என்றுதான் சொல்ல வேண்டும். வேகம் கூடுவதும் தெரியவில்லை, குறைவதும் தெரியவில்லை. தேங்கிய தண்ணீருக்கு மேலே வந்து, அதைத் தாண்டித் தொட்டது. இரண்டு பக்கமும் தண்ணீர் சுவர் மாதிரி எழுந்தது. வேகத்தை அடக்குவதற்கான பாராசூட் வாலிலிருந்து வெள்ளையாக விரிந்தது. அது என் கண் முன்னால் போய்க்கொண்டே இருந்தது, போய்க்கொண்டே இருந்தது. அப்புறம் நின்றது. நின்ற இடத்துக்கும் கிழக்கு முனைக்கும் நடுவே இடம் மிச்சம் இருந்தது. அதிகம் இல்லை, ஆனால் இருந்தது. நான் உள்ளே போய், அந்த நேரத்துக் காற்றைப் பதிவு செய்துவிட்டு, அப்புறம்தான் நாற்காலியில் உட்கார்ந்தேன். கணேசன் எனக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

பயணிகளையெல்லாம் இறக்கிய பிறகு உங்கள் கேப்டன் எங்கள் அறைக்கு வந்தது உனக்கு நினைவிருக்கும். பஞ்சாப்காரர், பெரிய உருவம். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, காற்றுச் சொன்னது யார் என்று கேட்டார். நீ பின்னால் நனைந்து நின்றாய். "இவர்தான், என் அப்பா" என்று நீ சொன்னதும் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு சற்று நேரம் விடவில்லை. அவர் போன பிறகு, "நான்தான்னு உனக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டேன். "தோணுதுன்னுதான் சொல்றேன்னு சொன்னாங்கன்னு சாமுவேல் சார் சொன்னாரு. அப்படிச் சொல்ற ஆள் இங்க வேற யாருப்பா?" என்றாய். நாம் இருவரும் அப்போதுதான் சிரித்தோம்.

விமானம் அன்று திருச்சியிலேயே நின்றதால் உன்னை ஸ்ரீரங்கத்துக்குக் கூட்டிவந்தேன். வழியெல்லாம் அம்மாவிடம் என்ன சொல்வது என்று யோசித்தபடி வந்தேன். புயலால் வழியை மாற்றினார்கள் என்று மட்டும் சொல்லலாம் என்பது என் எண்ணம். காவிரிப் பாலத்தில் பஸ் போகும்போது உன்னிடமும் அதைச் சொன்னேன். நீ வேண்டாம் என்றாய். அம்மா ரசம் ஊற்றிக்கொண்டிருக்கும்போது, வீச்சு, எடை, தண்ணீர், எல்லாவற்றையும் ஒன்று விடாமல் சொன்னாய். அவள் அழுவாள் என்று நினைத்தேன். கரண்டியைக் கீழே வைத்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டாள். "காத்து தணியலைன்னா என்னடா பண்ணியிருப்ப?"

"கோயம்புத்தூர் போயிருப்போம்மா. அதுக்கு வேண்டிய எண்ணெயைத் தனியா வச்சுட்டு, மீதியைத்தான் எரிச்சோம். எண்ணெய் அந்த அளவுக்கு இறங்கியிருந்தா சுத்தறதை நிறுத்திட்டுக் கிளம்பியிருப்போம்."

"அப்ப சரி" என்று சொல்லி உனக்கு இன்னும் கொஞ்சம் சாதம் போட்டாள். மறுநாள் நீ போன பிறகு, செய்தி நேரத்தில் ரேடியோவைத் திருப்பியவள் அவள்தான்.

போன வாரம் விஜயா, ரவிக்கை அளவு கொடுக்க அவள் அம்மாவோடு வந்திருந்தாள். அவள் அம்மா கோயிலுக்குப் போன நேரம் பார்த்து, "அவங்க பறக்கற அன்னிக்கு நான் என்ன செய்யணும் அத்தை?" என்று உன் அம்மாவைக் கேட்டாள். நான் பேப்பரைத் தாழ்த்தாமல் கேட்டுக்கொண்டிருந்தேன். "வேளைக்குச் சாப்பிடு. ஸ்கூலுக்குப் போய்ப் பாடம் நடத்து. அவன் வந்ததும் எப்படி இறங்கினீங்கன்னு கேளு. நல்லபடியான்னு ஒரே வார்த்தையில முடிச்சா விடாத, முழுசா சொல்லச் சொல்லு" என்றாள் உன் அம்மா. விஜயா தலையை ஆட்டினாள். மோகன், அவள் கேட்பாள். களைப்பாக வந்திருந்தாலும் சொல். நல்ல நாளையும் சொல், காற்று மோசமாக இருந்த நாளையும் சொல். உங்களை நினைத்துத்தான் மறைத்தேன் என்று நம் வீட்டு ஆண்கள் ரொம்ப காலமாகச் சொல்லி வந்திருக்கிறோம். அந்த வழக்கத்தை ரசம் சாதத்துக்கு முன்னால் உட்கார்ந்து நீ நிறுத்தினாய். அது அப்படியே நிற்கட்டும். இடது பக்கம் உட்கார்ந்த பிறகு, உனக்குக் கீழே இருந்து காற்றுச் சொல்கிறவனும் ஒரு வீட்டுக்காரன்தான் என்பதை நினைத்துக்கொள். இறங்கிய பிறகு முடிந்தபோது அந்த அறைக்கு ஒரு எட்டுப் போய்வா. உங்கள் கேப்டன் பிடித்த பிடி என் கையில் இன்னும் இருக்கிறது.

கடைசியாக ஒன்று. இதை எழுத வேண்டாம் என்று அம்மா சொல்லியிருக்கிறாள். ஜெட் விமானத்தில் ஏற அவள் சம்மதித்துவிட்டாள். கல்யாணம் முடிந்து, நீ கமாண்டராக ஓட்டும் ஒரு நாளில் மெட்ராஸிலிருந்து பம்பாய்க்கு. நான் சந்தோஷத்தில், "இப்பவே அவனுக்குச் சொல்லிடறேன், முன்வரிசையில இடம் பிடிச்சு வைப்பான்" என்றேன். "வேணாங்க" என்றாள். "அவன் மேல இருக்கான்னு தெரிஞ்சு நீங்க அன்னிக்கு அந்த முள்ளு முன்னால பட்ட பாடு போதும். நான் உள்ள இருக்கேன்னு தெரிஞ்சு அவன் பட வேணாம். இறங்கி, எல்லாரும் போன பிறகு நானே அவன் முன்னால போய் நிக்கறேன்."

அவள் வரப்போகிறாள் என்பதை எழுதிவிட்டேன். எந்த நாள் என்பதை மட்டும் எழுதவில்லை.

அப்பா